சங்கு ஊதிய படம்

எங்கள் எஸ்டேட் தொழிலாளர் லயத்தில் பக்கத்து வீட்டு டிஜோ எடுத்த படத்துக்குக் கதையும் இல்லை, நாற்காலியும் இல்லை. பள்ளிவாசல் என்கிற ஊர்ப் பக்கம் மூடிக்கிடந்த தேயிலைத் தொழிற்சாலைக்குள் நான்கு சுவரிலும் கூரையிலும் படம் ஓடும். நாம் நடுவில் நின்று அதில் மூழ்க வேண்டுமாம். வெளியே மலையையே விழுங்கும் மூடுபனி. உள்ளே இயந்திரம் வைத்து இன்னொரு மூடுபனி!

கொச்சியிலிருந்து வந்த நடுவர்களுக்குப் பிடித்தால்தான் அங்கே நடக்கும் கலைவிழாவில் டிஜோவுக்கு இடம்.

"மாமா, முடியிற வரைக்கும் ஒருத்தரும் வெளிய போகக்கூடாது," என்று கெஞ்சினான்.

"செத்தாலும் போகமாட்டோம்டே."

பாதிப் படத்தில், கூரை பிளக்கும்படி, படத்துக்குள்ளேயே எஸ்டேட்டின் காலைச் சங்கு ஊதியது. அவ்வளவுதான், படம் பார்க்க வந்த லயத்து ஆட்கள் அத்தனை பேரும் பழக்கதோஷத்தில், மஸ்டரில் பேர் பதிந்து அன்றைய வேலைக்கு ஆள் எடுக்கும் இடம் நோக்கிப் பாய்ந்தோம். ஓய்வு பெற்றுப் பல வருடமான நான்தான் முன்னால். என் மனைவி செபமாலையம்மாள் இருட்டில் கொழுந்துக்கூடை என்று நினைத்து நடுவர் ஒருவரின் பையை முதுகில் மாட்டிக்கொண்டு ஓடிவந்தாள்.

"கவுத்துட்டீங்களே, மாமா!" டிஜோ தரையில் உட்கார்ந்துவிட்டான்.

நடுவர்களோ கைதட்டிக்கொண்டே எங்கள் பின்னால் ஓடிவந்தார்கள். பார்க்க வந்தவர்களே படமாகிவிட்ட அதிசயமாம்! இடம் கொடுத்தார்கள், ஒரே நிபந்தனையோடு.

ஆகவே அடுத்த மாதம் முழுக்க, காட்சி தவறாமல், கொச்சியில் ஓடப்போகிறோம். நான் இப்போதே முற்றத்தில் ஓடிப் பழகுகிறேன்.

"வேலையில இருக்கும்போது இப்படி ஓடியிருந்தா எப்பவோ சூப்பர்வைசர் ஆயிருப்பீங்க," என்கிறாள் செபமாலையம்மாள்.