வட்டியில் முளைத்த வீடு

1974ஆம் ஆண்டு தவக்காலத்தில், சிராங்கூன் கார்டனில் இருந்த சுவிசேஷமுத்துவின் பங்களாவில், சாப்பாட்டு அறைச் சுவரில் ஒரு ஜன்னல் முளைத்தது. பச்சை வண்ணம் அடித்த மரச் சட்டம், இடது கண்ணாடியின் மூலையில் ஒரு விரிசல். கொல்லர் வந்து பார்த்தார், தச்சர் வந்து பார்த்தார், திறக்க முடியவில்லை. அதே வாரம் தேக்கா சந்தையில் இறால் விலை கட்டிக்கு, அதாவது அறுநூறு கிராமுக்கு, நாற்பது காசு ஏறியது. ஓஃபிர் ரோட்டு மாதா கோவிலில் ஞாயிறு பூசை முடிந்து வாசலில் நின்றவர்கள் இரண்டு செய்தியையும் பேசினார்கள். இறாலைப் பற்றித்தான் அதிக நேரம் பேசினார்கள். அந்த ஜன்னல் யாருடையது என்பது அப்போது யாருக்கும் தெரியாது. பார்த்தால் தெரிந்திருக்கக்கூடிய உர்சுலா, சிராங்கூன் கார்டன் பக்கம் போனதே இல்லை. சுவிசேஷமுத்துவுக்கோ வீடுகளின் விலைதான் மனதில் நிற்கும், ஜன்னல்கள் நிற்காது.

உர்சுலாவும் அவள் புருஷன் அந்தோனியும் அதற்கு முந்தைய ஆண்டுத் தொடக்கத்தில்தான் ஓவன் ரோட்டில் ஒரு பழைய மாடி வீட்டை வாங்கியிருந்தார்கள். அந்தோனி ஜூரோங் கப்பல் பட்டறையில் வெல்டர். உர்சுலா ஒரு பள்ளிக்கூடக் கேண்டீனில் மீ சியாம் என்ற காரச் சேமியா விற்றாள். விலை முப்பதாயிரம் வெள்ளி. கையில் இருந்த ஆறாயிரம் போக மிச்சத்தைச் சிலிகி ரோட்டு மாடியில் ‘கிருபை பைனான்ஸ்’ நடத்திய சுவிசேஷமுத்து கடனாகக் கொடுத்தார். ஒரே கோவில், ஒரே பாடல் குழு, அண்ணன் தம்பி போலப் பழக்கம். “மாசம் எரநூத்தம்பத்தெட்டு வெள்ளி தான் லா அந்தோனி. ஞாயித்துக்கிழமை ஓவர்டைம் பாத்தா அதுலயே பாதி வந்துடும்,” என்றார். மொத்தம் எவ்வளவு ஆகும் என்று கேட்க உர்சுலா வாயெடுத்தாள். அதற்குள் சூடாக மைலோ வந்துவிட்டது. பால் அதிகமாகப் போட்ட மைலோ. கேட்காமலே குடித்துவிட்டு வந்ததை நினைத்து அவள் பின்னால் பல வருடம் தன்னையே திட்டிக்கொண்டாள்.

வீடு மந்திரித்த அன்றுதான் பெரிய தவறு நடந்தது. சாமியார் அறை அறையாகத் தீர்த்தம் தெளித்து முடித்ததும், கூடத்துச் சுவரில் இருதய ஆண்டவர் படத்தை மாட்ட வேண்டும். அதற்கு ஆணி அடிக்க வேண்டியவன் குடும்பத் தலைவன். எந்தக் கை ஆணி அடிக்கிறதோ அந்தக் கைக்குத்தான் வீடு பழகும் என்பது அந்தக் கோவில் ஜனங்களின் வழக்கம். அந்தோனிக்கு நன்றி நெஞ்சு முட்ட நின்றது. “நீங்க இல்லன்னா இந்த வீடே இல்ல அண்ணே, நீங்களே அடிங்க,” என்று சுத்தியலை சுவிசேஷமுத்துவிடம் நீட்டிவிட்டான். அவரும் மறுக்கவில்லை. நாலே அடியில் ஆணி உள்ளே போனது. வீட்டுக்கு மரியாதையும் உபசாரமும் புரியாது. அடித்தவர் யாரோ அவர்தான் எஜமான் என்று அது எடுத்துக்கொண்டது.

கடனுக்கு முன்பு ஞாயிற்றுக்கிழமை என்றால் இருவருக்கும் ஒரே மாதிரிதான் போகும். பூசை முடிந்து தேக்காவில் இறால் வாங்குவார்கள். அந்தோனி பனியனோடு சமையலறைத் தரையில் உட்கார்ந்து, ரேடியோவைக் கேட்டபடி அதை உரிப்பான். உர்சுலா சம்பல் தாளிப்பாள். சண்டை போடுவதானாலும் அன்றைக்குத்தான் போடுவார்கள், மற்ற நாட்களில் நேரம் இருக்காது. கடன் வாங்கிய பிறகு ஞாயிற்றுக்கிழமையும் விடிவதற்குள் கம்பெனி லாரி வந்து அந்தோனியை ஜூரோங்குக்கு ஏற்றிப் போனது. ஞாயிற்றுக்கிழமைக்கு இரட்டைச் சம்பளம். அப்படியே அவனுடைய ஞாயிற்றுக்கிழமைகள் எல்லாம் மாதக் கடைசியில் மடித்த நோட்டுகளாகச் சிலிகி ரோட்டு மாடிக்குப் போய்ச் சேர்ந்தன.

ஓவன் ரோட்டு வீட்டில் அவர்களுக்குச் சொந்தமான இடம் எது, பைனான்ஸுக்குச் சொந்தமான இடம் எது என்பது காலுக்குத் தெரிந்தது. சொந்தமான தரைக்கல் இளஞ்சூடாக இருக்கும், மற்றது ஐஸ் பெட்டிக்குள் வைத்த மாதிரி சில்லென்று இருக்கும். முதல் வருடம் முழுக்கக் கட்டி முடித்தபோது குளியலறை மூலையும் அதற்குப் போகும் வழியில் ஒரு முழமும்தான் சூடாகியிருந்தன. பக்கத்து வீட்டு ஹலீமா, துணிக்கடை ஹனீபாவின் மனைவி, குனிந்து தொட்டுப் பார்த்துவிட்டு, “என்ன உர்சுலா, இவ்வளவு கட்டி இவ்வளவு தானா?” என்றாள். பழைய வீடு, மெதுவாகத்தான் சூடேறும் என்று உர்சுலா சமாதானம் சொன்னாள். அவள் அன்றைக்கு அதை நம்பவும் செய்தாள்.

சிராங்கூன் கார்டனிலோ வேலை மும்முரமாக நடந்தது. ஜன்னலுக்குப் பின்னால் ஒரு சமையலறை வந்தது. அதை ஒட்டி ஒரு கூடம், அதில் இருதய ஆண்டவர் படம் மாட்டிய சுவர், அப்புறம் மேலே போகும் குறுகலான மரப்படி. எல்லாம் சுவர் வைத்து அடைத்த மாதிரி, உள்ளே போக ஒரு வழியும் இல்லாமல். சாப்பாட்டு அறை காணாமல் போனது. பியானோ இருந்த இடத்தில் அடுப்படி வந்து உட்கார்ந்தது. முதலில் சுவிசேஷமுத்துவுக்குச் சந்தோஷம்தான். காசில்லாமல் கட்டடம் பெருகுகிறதே, விற்கும்போது நல்ல விலை போகுமே என்று வந்தவர்களுக்கெல்லாம் சுற்றிக் காட்டினார். அவர் மனைவி பிலோமினம்மாள் மட்டும், தன் படுக்கையறைக்குள் அடுத்தவர் வீட்டு வெங்காய வாசனை வருவதாக முணுமுணுத்துக்கொண்டிருந்தாள்.

1981 ஜனவரியில், ஒரு ஞாயிற்றுக்கிழமை, கப்பலின் அடிவயிற்றில் வெல்டிங் செய்துகொண்டிருந்த அந்தோனி நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தான். வயது முப்பத்தொன்பது. எட்டு வருடம் தவறாமல் கட்டிய அந்த வீட்டிலிருந்துதான் பெட்டி போனது. தூக்கியவர்களின் வெறுங்காலுக்கு மூன்றில் ஒரு பங்குத் தரைதான் சூடாக இருந்தது. அடக்கம் முடிந்த வாரம் உர்சுலா சிலிகி ரோட்டுக்குப் போய் ஒரே ஒரு மாதம் அவகாசம் கேட்டாள். சுவிசேஷமுத்து கண்ணைத் துடைத்துக்கொண்டார். துடைத்துக்கொண்டே, வட்டி விகிதம் பத்திலிருந்து பதினான்காக ஏறிவிட்டதையும் சொன்னார். மாதக் கணக்கு மாறாது, வருடங்கள்தான் கொஞ்சம் நீளும் என்றார். அப்போதும் மைலோ வந்தது. உர்சுலா குடிக்காமல் எழுந்து வந்தாள்.

முப்பதாம் நாள் பூசைக்கு வந்த பிலோமினம்மாள், கல்லறைப் பூவைக் கையில் வைத்துக்கொண்டே உர்சுலாவை ஒதுக்குப்புறமாக அழைத்தாள். “ஒரு மாசமா எங்க வீட்டுச் சுவருக்குள்ள யாரோ இருமுறாங்க உர்சுலா. ரேடியோ பாடுது. பயமா இருக்கு, ஒரு ஜெபம் சொல்லிட்டுப் போயேன்,” என்றாள். உர்சுலா அன்று மாலையே பஸ் பிடித்துப் போனாள். பங்களாவுக்குள் நுழைந்ததும் ஜன்னலைப் பார்த்தாள். அது அவளுடைய ஓவன் ரோட்டுச் சமையலறை ஜன்னல், அவள் குழவியைத் தவற விட்டபோது விழுந்த அதே விரிசலோடு. கண்ணாடியில் முகத்தை ஒட்டி வைத்தாள். வெளியே புதன்கிழமை இருட்டிக்கொண்டிருந்தது. உள்ளே ஞாயிற்றுக்கிழமைக் காலை வெயில் தரையில் விழுந்திருந்தது. அந்த வெயிலில் அந்தோனி பனியனோடு உட்கார்ந்து இறால் உரித்துக்கொண்டிருந்தான். அவள் தட்டினாள், கூப்பிட்டாள், அழுதாள். அவன் ஒருமுறை இருமிவிட்டு அடுத்த இறாலை எடுத்தான்.

சுவிசேஷமுத்து பின்னால் வந்து நின்றார். இந்த வீடு எதில் முளைத்தது என்று உர்சுலா கேட்டாள். கேட்ட குரலுக்குப் பொய் சொல்ல அவருக்குத் தைரியம் வரவில்லை. முதல் மாதம் கட்டிய இருநூற்று ஐம்பத்தெட்டில் இருநூறு வட்டிக்குப் போனது, ஐம்பத்தெட்டுதான் கடனில் கழிந்தது, போகப் போகத்தான் அது கொஞ்சம் மாறும் என்று விளக்கினார். வாங்கியது இருபத்து நாலாயிரம். எல்லாம் முடியும்போது கட்டியிருக்கப் போவது ஐம்பத்தோராயிரத்துச் சொச்சம். “எல்லாரும் அப்படித்தான் கட்டுறாங்க லா தங்கச்சி,” என்றார். அந்த ஒரு வார்த்தைக்காகவே உர்சுலா அவரை மன்னிப்பதில்லை என்று அங்கேயே முடிவு செய்தாள். ஒரு வீட்டுக்கு அவள் புருஷன் இரண்டு வீட்டுப் பணத்தைக் கட்ட ஒப்புக்கொண்டிருக்கிறான். இரண்டாவது வீடு இதோ நிற்கிறது. அவன் விற்ற ஞாயிற்றுக்கிழமைகளும் உள்ளே இருக்கின்றன, அவனும் இருக்கிறான். கதவு மட்டும்தான் இல்லை. ஓவன் ரோட்டில் குளியலறையிலிருந்து நகர்ந்து வரும் சூடு கடைசியாக வந்து சேர வேண்டியது வாசற்படிக்கு என்பது அவளுக்கு நினைவு வந்தது. கடைசித் தவணைக்குத்தான் கதவு வரும்.

ஹலீமா நல்ல மனதோடுதான் யோசனை சொன்னாள். ஈசூனில் புதிய அடுக்குமாடி வீடுகள் வருகின்றன, இதை விற்றுக் கடனை அடைத்துவிட்டு அங்கே போய் நிம்மதியாக இரு என்றாள். உர்சுலா தலையாட்டிக் கேட்டுக்கொண்டாள். மறுநாளிலிருந்து கேண்டீனில் மீ சியாமோடு தேங்காய்ப்பால் சோறான நாசி லெமாக்கும் விற்க ஆரம்பித்தாள். அன்றிலிருந்து அவள் தவணை கட்டியது கடனை அடைப்பதற்காக அல்ல, அதில் இருந்த வட்டிக்காக. அதை ரசித்துக் கட்டினாள். பதினான்கு சதவீதம் வந்த பிறகு வீடு பழைய வேகத்தில் மறுபடி வளர்ந்தது. மாடி அறை பிலோமினம்மாளின் அலமாரியை விழுங்கியது. கூடத்தின் நீட்டம் சுவிசேஷமுத்துவின் வாசிப்பறையை விழுங்கியது. 1985இல் நகரம் முழுக்க வியாபாரம் படுத்தபோது அவர் பங்களாவை விற்கப் பார்த்தார். உள்ளே ஒருவன் இறால் உரிக்கும் வீட்டை வாங்க யாரும் முன்வரவில்லை. வருடக் கடைசிக்குள் புருஷனும் மனைவியும் கார் கொட்டகையில் கட்டில் போட்டுப் படுத்தார்கள்.

அப்போதுதான் அவர் ஓவன் ரோட்டுக்கு இறங்கி வந்தார். மிச்சக் கடனைத் தள்ளுபடி செய்துவிட்டேன், பத்திரத்தை வாங்கிக்கொள் என்று வாசலில் நின்று கெஞ்சினார். உர்சுலாவுக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது, ஆனால் அவர் நினைத்த காரணத்துக்காக அல்ல. உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்து, மைலோ கலந்து கொடுத்தாள், பால் அதிகமாகப் போட்டு. “ஒரு காசு குறைஞ்சாலும் நான் ஒத்துக்கமாட்டேன் அண்ணே. வட்டி பதினாலு. பதிமூணுன்னு எழுதுனீங்கன்னா கோர்ட்டுக்குப் போவேன்,” என்றாள். அவர் மைலோவைக் குடித்துவிட்டு அழுதார். அவர் அழுது முடியும்வரை அவள் எதிரே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அவ்வளவு இனிப்பான ஒரு மாலை அவளுக்கு அந்த வருடத்தில் வாய்க்கவில்லை.

சுவிசேஷமுத்து சிலிகி ரோட்டு ஆபீஸைப் பூட்டினார். அவள் கதவிடுக்கு வழியாகப் பணத்தைத் தள்ளினாள். அவர் அதைத் திருப்பி அனுப்பினார். அதற்குப் பிறகு உர்சுலா கோவிலையே ஆபீஸாக்கிக்கொண்டாள். மாதத்தின் முதல் ஞாயிறு, பூசையில் ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லிக் கைகொடுக்கும் நேரத்தில், மூன்று வரிசை தாண்டி அவரிடம் போவாள். நீட்டிய கையை மறுத்தால் சாமியார் முன்னால், மொத்த ஜனத்தின் முன்னால் பாவியாக நிற்க வேண்டும். அவர் கையை நீட்டுவார். மடித்த நோட்டுகளை அவர் உள்ளங்கையில் வைத்து, விரல்களைத் தானே மூடி, “சமாதானம் அண்ணே,” என்று சிரிப்பாள். அவர் வேறு பூசைக்கு மாறிப் பார்த்தார், அவளும் மாறினாள். அவர் காய்ச்சல் என்று வீட்டில் படுத்த மாதம், நோயாளிக்கு நற்கருணை கொண்டுபோன சாமியாருக்குத் துணையாக உர்சுலாவும் மெழுகுவர்த்தியோடு போனாள்.

1989 செப்டம்பரில் கடைசித் தவணை அவர் கையில் மூடப்பட்டது. அன்று உர்சுலா ஓவன் ரோட்டில் வாசற்படி மீது வெறுங்காலோடு நின்று பார்த்தாள். சூடாக இருந்தது. சுத்தியலையும் வீட்டுச் சாவியையும் பையில் போட்டுக்கொண்டு சிராங்கூன் கார்டனுக்குப் போனாள். ஜன்னலுக்குப் பக்கத்தில் பச்சைக் கதவு வந்திருந்தது. வண்ணம்கூடக் காயவில்லை. சாவி ஒரே திருப்பில் திறந்தது. உள்ளே அந்தோனி நிமிர்ந்து பார்த்தான். அவனுக்கு இன்னும் முப்பத்தொன்பதுதான், அவளுக்குத் தலை பாதி நரைத்திருந்தது.

“பூசை இவ்வளவு நேரமா? எறா உரிச்சு எப்பவோ ஆயிடுச்சு,” என்றான்.

“கொஞ்சம் நேரமாயிடுச்சுங்க,” என்றாள் உர்சுலா. கூடத்துச் சுவரிலிருந்து இருதய ஆண்டவர் படத்தைக் கழற்றினாள், ஆணியைப் பிடுங்கினாள், சுத்தியலை அவன் கையில் வைத்தாள். அவன் ஆணியை அதே இடத்தில் வைத்து நான்கு அடி அடித்தான். ஐந்தாவது அடியை அவள் அடித்தாள். கார் கொட்டகையில் கட்டிலில் உட்கார்ந்திருந்த சுவிசேஷமுத்துவின் காலுக்கடியில் சிமெண்டுத் தரை அந்த நிமிடமே சில்லிட்டுப் போனது.

அந்த வீட்டுக்குள் எப்போதும் ஞாயிற்றுக்கிழமைதான். அந்தோனியால் வாசலைத் தாண்ட முடியாது, வெளியே வேறு கிழமைகள் நடந்துகொண்டிருக்கின்றன. உர்சுலா கேண்டீனை மூடிவிட்டு மதியம் போவாள், சம்பல் தாளிப்பாள், வேண்டிய அளவு சண்டை போடுவாள். தபால்காரர் அந்தப் பச்சைக் கதவுக்கு ஒரு தனி எண் எழுதிக்கொண்டார். குளிக்க இடமில்லாத பிலோமினம்மாளுக்காக சுவிசேஷமுத்து வந்து கதவைத் தட்டியபோது உர்சுலா இல்லையென்று சொல்லவில்லை. “குளியலறையை வாடகைக்கு எடுத்துக்கங்க அண்ணே. மாசம் எரநூத்தம்பத்தெட்டு. பதினாறு வருஷம் ஒம்போது மாசத்துக்கு மொத்தம் அம்பத்தோராயிரத்து எண்ணூத்தம்பத்தெட்டு வெள்ளி. மொத்தத்தை முதல்லயே சொல்லிட்டேன் லா,” என்றாள். அவர் முதல் மாதத்தை அங்கேயே எண்ணிக் கொடுத்தார். அந்த வாரம் தேக்காவில் இறால் கிலோவுக்கு ஐம்பது காசு ஏறியது. கோவில் வாசலில் அதைப் பற்றித்தான் பேசினார்கள். உர்சுலா பேரம் பேசாமல் இரண்டு கிலோ வாங்கிப் போனாள்.