மல்சுன் ஒட்டிய தோரணம்

கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் காலை பாஸ்டரம்மா போன் செய்தபோது மல்சுன் தன் சாப்பாட்டுக்கடையின் பின்கட்டில் நூடுல்ஸுக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தாள். ரிசீவரைத் தோளுக்கும் காதுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டாள்.

"அக்கா, சர்ச்ல அடுப்பு மூட்டி வெச்சிட்டேன். எத்தனை மணிக்கு வர்றீங்க? பிள்ளைங்க விடிஞ்சதுலேர்ந்து கேட்டுத் துளைக்குதுங்க, சியோல்லேர்ந்து வந்த நட்சத்திரத்தை எப்போ காட்டுவீங்கன்னு."

மல்சுனின் கை மாவுக்குள் அப்படியே நின்றது.

"மத்தியானம் வந்துடறேம்மா. எல்லாம் தயாரா இருக்கு."

ஒன்றும் தயாராக இல்லை. நட்சத்திரமும் இல்லை, ஜரிகையும் இல்லை, ஒரு முழம் நூல்கூட இல்லை.

நவம்பரில் சபைச் சாப்பாட்டின்போது அவளாகத்தான் எழுந்து நின்று சொன்னாள். "இந்த வருஷ அலங்காரத்தை என்கிட்ட விடுங்க. சியோல்ல என் தங்கச்சி வீட்டுக்கு எதிர்த்தாப்ல பெரிய சந்தை. அங்கேர்ந்து வரவழைக்கிறேன். பார்த்துட்டு அசந்து போவீங்க." எல்லோரும் கைதட்டினார்கள். ஆனால் அறுவடைப் பண்டிகையில் செத்துப்போன அம்மாவுக்கு வைக்கிற படையல் விஷயமாக அந்தத் தங்கையோடு வாய்ச்சண்டை போட்டு, இருவருக்கும் பேச்சு நின்றிருந்தது. அவள் முதலில் கூப்பிடட்டும் என்று மல்சுன் இருந்தாள். குளிர்காலத்துக்குக் கிம்ச்சி ஊறுகாய் போடுகிற வாரம் போயிற்று. கணவாய் மீன் சீசன் வந்து கடையில் கூட்டம் நெரிந்தது. நாளைக்குக் கூப்பிடலாம், நாளைக்குக் கூப்பிடலாம் என்று டிசம்பர் இருபத்துநாலு வந்துவிட்டது. மலைப்பாதையில் பனி கொட்டி மூன்று நாளாய் பஸ் ஓடவில்லை. அவர்கள் ஊரான மொக்சோ துறைமுகத்தில் இருந்த ஒரே ஸ்டேஷனரிக்கடைக்காரரும் மகள் வீட்டுக்குப் போய் மாட்டிக்கொண்டிருந்தார்.

"இல்லேன்னு சொல்லிடேன். என்ன, தூக்குலயா போடப் போறாங்க?" என்றான் கணவன் தேசொப். அவன் சர்ச்சுக்குப் போகிறவன் இல்லை.

"உங்களுக்கு என்ன தெரியும்? போன வருஷம் நான் பேசின பேச்சுக்கு இப்போ இல்லேன்னு போய் நின்னா மூஞ்சியில காறித் துப்புவாங்க."

போன வருஷம் அலங்காரம் செய்தவள் இன்ஜா. துறையில் மீன் கிழிக்கிற வேலை அவளுக்கு. மலையில் பைன் கிளை ஒடித்து வந்து, வெள்ளைக் காகிதத்தில் பூ செய்து கட்டியிருந்தாள். அந்தப் பக்கத்தில் வெள்ளைப் பூ சாவு வீட்டில்தான் வைப்பார்கள். சாப்பாட்டுக் கூடத்தில் இருபது பேருக்கு முன்னால் மல்சுன் கேட்டாள்: "ஏன்டி, இது கிறிஸ்துமஸ் வீடா, இழவு வீடா?" கூடமே சிரித்தது. இன்ஜாவும் சிரித்தாள். அந்த இலையுதிர் காலத்தில்தான் இன்ஜாவின் புருஷன் போன படகு திரும்பி வராமல் போயிருந்தது. அது மல்சுனுக்குத் தெரியாதது அல்ல. பேசும்போது நினைவுக்கு வரவில்லை, அவ்வளவுதான்.

கடையைச் சாத்திவிட்டு அவளும் தேசொப்பும் உட்கார்ந்தார்கள். குப்பைக்கூடையிலிருந்து ராம்யன் நூடுல்ஸ் பாக்கெட்டுகளைப் பொறுக்கி எடுத்து, கழுவி, உள்பக்கத்து வெள்ளி மினுமினுப்பு வெளியே தெரியும்படி கத்தரித்தாள். கணவாய் மீனை விரித்துக் காய வைக்கிற மூங்கில் குச்சிகளைத் தேசொப் நட்சத்திரம்போலக் கட்டித் தந்தான். வெள்ளித்தாளை அதன்மேல் ஒட்டியதும் நிஜமாகவே பளபளத்தது.

"மோந்து மட்டும் பார்த்துடாதே. பெத்லகேம்ல மீன் மார்க்கெட் இருந்த மாதிரி வாசனை வருது," என்றான்.

அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. மனசு கொஞ்சம் லேசானது. மிளகாய் வற்றலைச் சரமாய்க் கோத்தாள். ஆரஞ்சுத் தோலில் மணி வெட்டினாள். மைதாப் பசை ஒரு சட்டி காய்ச்சினாள். எல்லாவற்றையும் கூடையில் போட்டுக்கொண்டு இரண்டு மணிக்குச் சர்ச்சுக்குப் போனாள். பாஸ்டரம்மா நோயாளிகளைப் பார்க்கப் போயிருந்தாள். உள்ளே யாரும் இல்லை.

கட்டிப் பார்த்தால் போதவில்லை. நாலு சுவரும் வெறிச்சென்று கிடந்தன. நட்சத்திரம் ஒற்றையாய்த் தொங்கியது. தோரணம் வேண்டும், கலர்க் காகிதம் வேண்டும் என்று சர்ச்சின் அலமாரியெல்லாம் குடைந்தாள். பழைய பாமாலைப் புத்தகங்களும் எலிப் புழுக்கையும்தான் கிடைத்தன. அப்போதுதான் பிரசங்க மேடைக்குக் கீழே இருந்த மரப்பெட்டி கண்ணில் பட்டது.

நன்றித் திருநாளன்று சபையார் ஒவ்வொருவரும் கலர்ச் சீட்டுகளில் தங்கள் ஜெபத்தை எழுதி அந்தப் பெட்டியில் போடுவார்கள். யாரும் திறப்பதில்லை. போதகர் தினமும் விடியற்காலையில் அதன்மேல் கை வைத்து ஜெபிப்பார். வருஷத்தின் கடைசி நாளன்று முற்றத்தில் வைத்து அப்படியே எரித்துவிடுவார்கள். அதற்குப் பூட்டு கிடையாது. தேவைப்படும் என்று யாருக்கும் தோன்றியதில்லை.

மல்சுன் மூடியைத் திறந்தாள். சிவப்பு, பச்சை, மஞ்சள், ஊதா. ஒருபக்கம் எழுத்து, மறுபக்கம் வெறும் கலர். இன்னும் ஒரு வாரத்தில் சாம்பலாகப் போவதுதானே என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். எழுத்தை உள்பக்கம் வைத்து வளையமாக்கி, ஒன்றுக்குள் ஒன்று கோத்து ஒட்டினால் யாருக்குத் தெரியப்போகிறது? படிக்க மாட்டேன், மடிக்க மட்டும்தான் போகிறேன் என்றும் சொல்லிக்கொண்டாள்.

முதல் பத்துச் சீட்டைப் படிக்காமல்தான் ஒட்டினாள். பிறகு கண் தானாக மேய்ந்தது. மகனுக்கு வேலை. முழங்கால் வலி. மருமகள் முகம் கொடுத்துப் பேச வேண்டும். அவசரத்தில் பாதி படித்தும் பாதி படிக்காமலும் ஒட்டிக்கொண்டே வந்தவள், ஒரு மஞ்சள் சீட்டில் தன் பெயரைப் பார்த்தாள்.

'ஆண்டவரே, இழவு வீடு என்று மல்சுன் அக்கா சொன்னதை என் நெஞ்சிலிருந்து எடுத்துப்போடும். அன்றைக்கு நானும் சேர்ந்து சிரித்தேனே, அதையும் எடுத்துப்போடும். அவளைப் பார்க்கும்போதெல்லாம் வயிறு எரிகிறது. வெறுக்காமல் இருக்கப் பலம் தாரும்.'

பெயர் போடவில்லை. போட வேண்டிய தேவையும் இல்லை.

மல்சுன் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள். காதுமடல் சுட்டது. யாரும் இல்லாத சர்ச்சில் யாரோ பார்ப்பதுபோல் இருந்தது. அப்போதே எல்லாவற்றையும் பிய்த்துப் பெட்டியில் போட்டிருக்கலாம். ஆனால் வாசலில் பாஸ்டரம்மா செருப்பிலிருந்து பனியைத் தட்டுகிற சத்தம் கேட்டது. மஞ்சள் சீட்டைக் கோட்டுப் பைக்குள் திணித்துக்கொண்டு, காலிப் பெட்டியின் மூடியைச் சாத்தி, தோரணத்தை உயரத் தூக்கிப் பிடித்தாள்.

"ஐயோ அக்கா! எவ்வளவு அழகு! இதுவும் சியோல்லேர்ந்தா?"

"இது நானே கையால பண்ணேம்மா," என்றாள் மல்சுன்.

மறுநாள் காலை ஆராதனைக்கு நாற்பது பேர் வந்திருந்தார்கள். பனி என்பதால் மண்ணெண்ணெய் அடுப்புகள் இரண்டையும் விடியற்காலையிலிருந்தே எரியவிட்டிருந்தார்கள். ஓட்டலில் எத்தனையோ முறை பார்த்திருந்தும், மைதாப் பசை உலர்ந்தால் உரிந்துகொள்ளும் என்பது மல்சுனுக்குத் தோன்றவில்லை. இரண்டாவது பாட்டின்போது தோரணத்தில் ஒரு வளையம் பட்டென்று விட்டது. அதிலிருந்து வரிசையாய் நாலைந்து உதிர்ந்து பெஞ்சுகளின்மேல் மிதந்து இறங்கின. பிள்ளைகள் கைநீட்டிப் பிடித்தார்கள்.

சிகையலங்காரக் கடை கும்ஹீயின் மடியில் ஒன்று விழுந்தது. கலகலப்பான பெண், எதையும் சத்தமாகச் சொல்லித்தான் பழக்கம். "அட, உள்ளே எழுத்து! பிள்ளைங்க வாழ்த்து எழுதியிருக்குதுங்க போல!" என்று, பாட்டு முடிந்த அமைதியில், வாசிக்கத் தொடங்கினாள்.

"'ஆண்டவரே, இந்த முறை டெஸ்ட்டில் கட்டி ஒன்றும் இல்லை என்று வர வேண்டும். பிள்ளைகளிடம் இன்னும் சொல்லவி...'"

அங்கேயே நிறுத்திவிட்டாள். ஆனால் நிறுத்த வேண்டிய இடம் தாண்டியிருந்தது. மூன்றாவது பெஞ்சில் கருவாட்டுக்கடை ஓக்நாம் தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். விடுமுறைக்கு வந்த அவளுடைய இரண்டு மகன்களும் இரண்டு பக்கத்திலிருந்தும் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள். அவள் தலையைக் கவிழ்க்காமல் இருந்திருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது.

"அம்மா?" என்றான் சின்னவன்.

போதகர் மேடையிலிருந்து குனிந்து பெட்டியைத் திறந்து பார்த்தார். காலியாக இருந்தது. மூடியை மறுபடி வைத்தார்.

பாஸ்டரம்மாதான் முதலில் எழுந்தாள். "என் தப்புதாங்க. பெட்டியை அங்க வெச்சவ நான். மல்சுன் அக்கா வெறும் காகிதம்னு நெனச்சு எடுத்திருப்பாங்க. இல்லையாக்கா?"

நாற்பது முகங்களும் திரும்பின. தப்பிக்கிற வழியைப் பாஸ்டரம்மா கதவைத் திறந்து பிடிப்பதுபோலப் பிடித்துக்கொண்டு நின்றாள். மல்சுன் அதன் வழியாக நுழைந்துவிட்டாள்.

"ஆமா. அவசரத்துல... பின்னாடி எழுதியிருக்கறதை நான் பார்க்கவே இல்ல."

கோட்டுப் பைக்குள் மஞ்சள் சீட்டைக் கசக்கிப் பிடித்திருந்தாள்.

ஆராதனை எப்படியோ முடிந்தது. சாப்பாட்டுக்கு முன் போதகர் தோரணத்தை இறக்கி, எழுத்து கீழே இருக்கும்படி மேஜையில் சீட்டுகளைப் பரப்பினார். "அவங்கவங்க சீட்டை அவங்கவங்க எடுத்துக்கங்க. கலரை வெச்சு அடையாளம் தெரியும்," என்றார். வரிசையாய் வந்தார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல், ஓரத்தைத் தூக்கிப் பார்த்துத் தன்னுடையதை எடுத்து மடித்து வைத்துக்கொண்டார்கள். ஓக்நாம் வரவில்லை. மகன்கள் அவளைக் கைத்தாங்கலாக வீட்டுக்குக் கூட்டிப்போயிருந்தார்கள்.

இன்ஜா வந்தாள். மஞ்சள் சீட்டுகளை ஒவ்வொன்றாய்த் தூக்கிப் பார்த்தாள். மறுபடி முதலிலிருந்து பார்த்தாள். பிறகு தரையில், பெஞ்சுக்கடியில், அடுப்புப் பக்கம் தேடினாள். மீன் கிழித்து வெடித்த விரல்களால் தரையைத் தடவித் தேடுகிற அவளை மல்சுன் தூணுக்குப் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். பையிலிருந்த கை வெளியே வர மறுத்தது. கடைசியில் இன்ஜா செருப்பு மாட்டும் இடத்துக்குப் போனபோது, மல்சுன் பின்னாலேயே போனாள்.

"இன்ஜா."

"சொல்லுங்கக்கா."

மல்சுன் சீட்டை நீட்டினாள். கசங்கிப்போயிருந்தது. இன்ஜா அதைப் பார்த்தாள், பிறகு மல்சுனைப் பார்த்தாள்.

"படிச்சீங்களா?"

"படிச்சேன்."

"அப்போ அங்க சொன்னது பொய்."

"ஆமா."

மல்சுன் நேற்றிலிருந்து மனசுக்குள் கோத்து வைத்திருந்த மன்னிப்பைத் தொடங்கினாள். "போன வருஷம் நான் உன் புருஷனை நெனைக்காம..."

"அதை விடுங்கக்கா," என்று இன்ஜா வெட்டினாள். குரல் உயரவில்லை. "அதை நானும் ஆண்டவரும் பேசிக்கிட்டிருந்தோம். நடுவுல நீங்க வந்து உக்காந்துட்டீங்க. எங்கிட்ட வந்து அழறதுக்கு முன்னாடி ஓக்நாம் அக்கா வீட்டுக்குப் போங்க. அவங்க பசங்க முன்னாடி, தெரியாம எடுத்தேன்னு சொல்லியிருக்கீங்க. அங்க போய்ச் சொல்லுங்க."

சீட்டை வாங்கிக்கொண்டு பனியில் இறங்கிப் போய்விட்டாள்.

மல்சுன் போனாள். போகாமல் இருக்க வழி தேடிக்கொண்டேதான் போனாள். ஓக்நாமின் கதவுக்கு முன் இரண்டு முறை திரும்பி, இரண்டு முறை வந்தாள். பெரிய மகன் கதவைத் திறந்தான். அழுத கண்.

உள்ளே, அடியில் சூடேற்றிய தரையில் ஓக்நாம் போர்வையைக் காலில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மல்சுன் முழங்காலிட்டாள்.

"ஓக்நாம், ஜெபச் சீட்டுன்னு தெரிஞ்சேதான் எடுத்தேன். சியோல்ல தங்கச்சிக்கு நான் சொல்லவே இல்ல. மானம் போயிடும்னு எடுத்தேன். எல்லார் முன்னாடியும் பொய் சொன்னேன்."

ஓக்நாம் போர்வை ஓரத்தை மடித்து மடித்து நீவினாள்.

"இன்னைக்குச் சாப்பிட்டு முடிச்சதும் சொல்லணும்னுதான் இருந்தேன்," என்றாள் ஓக்நாம். "எப்படி ஆரம்பிக்கணும், சின்னவன் அழுதா என்ன சொல்லணும், எல்லாம் யோசிச்சு வெச்சிருந்தேன். ஒரு மாசமா யோசிச்சேன். அதை நான்தான் சொல்லியிருக்கணும் மல்சுன். கும்ஹீ வாயிலேர்ந்து வந்திருக்கக் கூடாது."

"கூடாது."

"எந்திரி. முட்டி வலிக்கும். நான் இன்னும் உன்கிட்ட நல்லா பேசற நிலையில இல்ல. இன்னொரு நாள் வா."

அவ்வளவுதான். திட்டியிருந்தால்கூட எழுந்து வரச் சுலபமாய் இருந்திருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை அறிவிப்புகள் முடிந்ததும் மல்சுன் கையைத் தூக்கினாள். நவம்பரில் நின்றதுபோலவே எழுந்து நின்றாள். திறந்ததும் படித்ததும் பொய் சொன்னதும், மூன்றையும் சொன்னாள். தங்கையோடு போட்ட சண்டையைச் சாக்காகச் சொல்லலாமா என்று நாக்கு நுனிவரை வந்தது, விழுங்கிவிட்டாள். "உக்காருங்க," என்றார் போதகர். பாஸ்டரம்மா மடியிலிருந்த கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

சாப்பாட்டுக் கூடத்தில் மல்சுன் கோடி மேஜையில் உட்கார்ந்தாள். அரிசி மாவுக் கட்டிகள் போட்ட சூப்பை எடுத்துக்கொண்டு வந்தவர்கள், இடம் இல்லாததுபோல் வேறு மேஜைகளில் நெருக்கி உட்கார்ந்தார்கள். இன்ஜா இரண்டு மேஜை தள்ளி முதுகு காட்டி இருந்தாள். சூப்பில் ஆவி அடங்கிப் படலம் கட்டும்வரை மல்சுன் கரண்டியைத் தொடவில்லை.

எதிரே ஒரு கிண்ணம் வந்து உட்கார்ந்தது. கும்ஹீ. நாலு நாளாய்க் கடை திறக்கவில்லை என்று கேள்வி. எப்போதும் சுருட்டி விட்டிருக்கும் முடியை வாரிக்கூட விடாமல் வந்திருந்தாள்.

"நீங்க எடுத்தீங்க," என்றாள், கிண்ணத்தைப் பார்த்தபடி. "வாய் விட்டு வாசிச்சவ நான்தானேக்கா."

மல்சுன் கிம்ச்சித் தட்டை அவள் பக்கம் கொஞ்சம் நகர்த்தி வைத்தாள். இருவரும் ஆறிப்போன சூப்பைக் குடித்தார்கள்.