முனிசின் என்ற ஆர்ட்டிஃபாக்ட்

1

ஹகீமா என்னிடம் கேட்டது ஒரே ஒரு சொல். ஆல்கஹாலா, அசெட்டோனா? அதைச் சொல்ல வாய் வரவில்லை. "எழுதித் தருகிறேன்" என்று சொல்லிவிட்டு இந்த அறைக்குள் வந்து உட்கார்ந்துகொண்டேன். இந்தக் கதை தொடங்கியது இப்படித்தான். வேறு உந்துதல் எதுவும் கிடையாது.

அவள் கிளம்பவில்லை. அடுக்களையில் பலாவுக்கு, அதாவது எங்கள் ஊர்க் கறிச்சோற்றுக்கு, கேரட் நறுக்குகிறாள். "நீங்க எழுதுங்க அக்கா, நான் சமைச்சு வைக்கிறேன்" என்றாள். பதில் வாங்காமல் போகமாட்டேன் என்பதன் மரியாதையான வடிவம் அது.

ஆகவே சீக்கிரம் எழுத வேண்டும். முதல் வரி:

தாஷ்கந்தில் அந்த வசந்தத்தில் ஆப்ரிகாட் மரங்கள் பூத்துக் குலுங்கிய

வேண்டாம். பூத்துக் குலுங்கினவா என்று எனக்கு நினைவில்லை. அந்த வசந்தத்தில் நான் மரம் எதையும் பார்க்கவில்லை.

2

மறுபடி.

என் கணவர் எர்காஷ் தாவர வேதியியல் ஆய்வகத்தில் செடிகளிலிருந்து ஆல்கலாய்டு என்னும் சத்துகளைப் பிரித்தெடுப்பவர். நானும் அதே அறையில், பக்கத்து மேசை. எங்களுக்கு ஒரே பெண், முனிசா. ஆறு வயதில் காய்ச்சலில் போய்விட்டாள்.

(இந்த வாக்கியத்தை நீட்டி எழுதிப் பார்த்தேன். ஆஸ்பத்திரி, செவிலி, கம்பளி. எல்லாவற்றையும் அடித்துவிட்டேன். நீட்டினால் அது வேறு கதையாகிறது, அதை எழுத எனக்குத் தெம்பில்லை.)

எங்கள் பக்கத்தில் கணவனும் மனைவியும் ஒருவரை ஒருவர் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. பிள்ளை பெயரை வைத்துத்தான். அவர் எனக்கு "முனிசா அப்பா", நான் அவருக்கு "முனிசா அம்மா". அவள் போன பிறகு எங்களுக்குக் கூப்பிட ஒன்றும் இல்லாமல் போயிற்று. அவர் கிண்ணத்தை மேசையில் தட்டினால் தேநீர் வேண்டும் என்று அர்த்தம். நான் இருமினால் கதவைச் சாத்துங்கள் என்று அர்த்தம். இரண்டு பேர் வருடக்கணக்கில் தட்டியும் இருமியும் குடும்பம் நடத்தினோம் என்றால் நம்புவீர்களா? நம்பாவிட்டாலும் இதை மாற்றப் போவதில்லை.

3

பிறகு அவர் மலைக்குப் போனார். ஒரு முள்செடியின் மஞ்சள் வேரை மூட்டை மூட்டையாகக் கொண்டுவந்தார். அதிலிருந்து எலுமிச்சை நிறத்தில் படிகங்கள் கிடைத்தன. உருகுநிலை கச்சிதமாக இருந்தது, அதாவது கலப்பில்லை. உலகில் யாரும் பதிவு செய்யாத பொருள். கண்டுபிடித்தவர் பெயர் வைக்கலாம்.

அன்று வீட்டுக்கு வந்து, சப்பாத்தைக் கூடக் கழற்றாமல், "முனிசின்" என்றார்.

"என்னது?"

"பேரு. முனிசின்னு வச்சிருக்கேன்."

நான் அழுதேன் என்று எழுதினால் நன்றாக இருக்கும். நான் கேட்டது, "சப்பாத்தோட கம்பளத்துல ஏறிட்டீங்களே, யாரு பெருக்கறது?" என்பதுதான். ஆனால் மறுநாள் ஆய்வகத்தில் ஆளாளுக்கு அவள் பெயரைச் சொன்னார்கள். "எர்காஷ் அண்ணா, முனிசின் காஞ்சிடுச்சா?" "முனிசினைத் தராசுல வச்சிருக்கேன், யாரும் தும்மாதீங்கப்பா." நான் முதுகைக் காட்டிக்கொண்டு குடுவை கழுவினேன். ஏற்கெனவே கழுவிய குடுவைகள்.

4

இந்த எர்காஷ் மீது எனக்குச் சந்தேகம் வருகிறது. எழுத எழுத நல்லவராகிக்கொண்டே போகிறார். உண்மையான எர்காஷ் சூரியகாந்தி விதையைக் கொறித்துத் தோலைப் பீங்கான் கிண்ணங்களில் துப்புவார். செஸ்ஸில் தோற்றால் பலகையைக் கவிழ்ப்பார். தப்பு என்று தெரிந்த பிறகும் வாதாடுவார். தெரிந்த பிறகுதான் இன்னும் சத்தமாக வாதாடுவார்.

இப்போது ஆல்கஹால் விஷயத்துக்கு வந்தாக வேண்டும்.

வேரிலிருந்து சத்தை இறக்க ஆய்வகத்துக்கு ஆல்கஹால் வரும். சுத்தமானது, குடிக்கக்கூடியது. அதனால் அது வேருக்குப் போய்ச் சேராது. ஆற்றில் சிக்கிய எங்கள் லாரியை இழுத்துவிட்ட டிராக்டர்காரனுக்குக் கொஞ்சம், குழாய் ரிப்பேர் செய்பவனுக்குக் கொஞ்சம், மேலிடத்து விருந்தாளிகளுக்கு நிறைய. மிச்சமிருப்பது அசெட்டோன். அதை யாரும் குடிக்கமாட்டார்கள். ஆகவே வேலை அசெட்டோனில் நடக்கும், கட்டுரையில் ஆல்கஹால் என்று போகும். நகரத்தில் எல்லா ஆய்வகத்திலும் இதுதான் வழக்கம் என்று சொல்லிக்கொள்வோம்.

அவர் கட்டுரையை நான் படித்துவிட்டுக் கேட்டேன்.

"ஆல்கஹால்னு போட்டிருக்கீங்க?"

"வேற என்ன போடறது? அசெட்டோன்னு போட்டா, வந்த ஆல்கஹால் எங்கன்னு கேப்பான். அந்த டிராக்டர்காரனைக் காட்டிக் குடுக்கச் சொல்றியா? அவன் இல்லேன்னா நான் ஆத்தோட போயிருப்பேன்."

"ரெண்டும் ஒண்ணா?"

"சத்தை இறக்கணும், அவ்வளவுதான். எதுல இறக்கினா என்ன."

இரண்டும் ஒன்றில்லை. அதுதான் கதை.

5

(இங்கே ஒரு சொல்லை விளக்கியாக வேண்டும். பொறுத்துக்கொள்ளுங்கள். எனக்கும் அலுப்பாகத்தான் இருக்கிறது.)

ஆர்ட்டிஃபாக்ட். அகராதியில் பார்த்தால் மனிதர் கையால் ஆன பொருள். உடைந்த பானை, அம்புமுனை. எங்கள் தொழிலில் பொருள் வேறு. செடியில் இல்லாமல், நாம் பிரித்தெடுக்கும்போது நாம் ஊற்றிய திரவமே செடியின் சத்தோடு வினைபுரிந்து உண்டாக்கிய பொருளுக்கு அந்தப் பெயர். பாலைத் தயிராக்கிவிட்டு மாட்டின் மடியில் தயிர் இருந்தது என்று கட்டுரை எழுதுவதுபோல. இதில் தயிர் பொய்யில்லை. அதை எடுத்துச் சாப்பிடலாம். மடியில் இருந்தது என்பதுதான் பொய்.

இந்த வித்தியாசத்தை யாருமே காப்பாற்றுவதில்லை. படித்தவர்களே "அதுவா, வெறும் ஆர்ட்டிஃபாக்ட்" என்பார்கள், ஏதோ பேய் பிசாசைச் சொல்வதுபோல. எங்கள் உணவகத்தில்கூட அந்தச் சொல் புழங்கியது. "இன்னைக்குப் பலாவுல கறி ஆர்ட்டிஃபாக்ட்தான்" என்றால் கறி இல்லை என்று அர்த்தம். தப்பு. கறி இருந்து, அது ஆட்டிலிருந்து வராமல் அண்டாவிலேயே பிறந்திருந்தால்தான் அது ஆர்ட்டிஃபாக்ட். சமையல்காரரிடம் இதைச் சொன்னேன். "அப்ப நாளைக்கு முயற்சி பண்றேன் அக்கா" என்றார்.

6

ஹகீமா அந்தக் கட்டுரை வெளிவந்த பிறகு புதிதாக வந்தவள். அவளுக்குக் குடிக்கும் சொந்தக்காரர்களும் இல்லை, பயமும் இல்லை. ஆல்கஹாலைப் பூட்டி வைத்து, வேலைக்கே பயன்படுத்தினாள். முனிசின் கிடைக்கவில்லை.

"அண்ணா, திரும்பத் திரும்பப் பண்ணிட்டேன். வேர்ல அது இல்ல."

"உன் வேர் வேறயா இருக்கும்."

"நீங்க குடுத்த மூட்டைதான்."

"அப்ப உனக்குக் கை வரல."

"அசெட்டோன்ல போட்டா வருது அண்ணா. அழகா வருது. அது ஆர்ட்டிஃபாக்ட்."

அவர் விதை கொறிப்பதை நிறுத்தினார். "என் பொண்ணை இல்லேங்கறியா?"

"ஐயோ, பொண்ணைச் சொல்லல அண்ணா. குடுவைல இருக்கற பொடியைச் சொன்னேன்."

"ரெண்டுக்கும் பேரு ஒண்ணுதானே."

ஹகீமா அந்த முடிவைப் பிரசுரிக்கவில்லை. அவர் இருந்தவரை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அவரோ சாகும்வரை ஆல்கஹால் என்றே சாதித்தார், கேட்காதவர்களிடமும்.

7

இப்போது ஆல்கலாய்டுகளின் கையேட்டைப் புதிதாக அச்சிடுகிறார்கள். பதிப்பாசிரியர் ஹகீமா. வேறு இரண்டு இடங்களிலும் ஆல்கஹாலில் செய்து பார்த்துவிட்டு, முனிசின் இல்லை என்று எழுதிவிட்டார்களாம்.

இன்று காலை வந்ததும் சொன்னாள். "ரெண்டே வழிதான் அக்கா. அண்ணா எழுதினபடி ஆல்கஹால்னா, அப்படி ஒரு பொருளே இல்லைன்னு ஆகும். பேரை எடுத்துடணும். அசெட்டோன்னு ஆனா, ஆர்ட்டிஃபாக்ட் பட்டியல்ல பேரோட நிக்கும். எப்பவும் நிக்கும். ஆனா அதுக்கு, அவர் எழுதினது பொய்னு நான் அச்சுல போடணும். அந்த அறையில இருந்தவங்க யாராவது சொன்னாத்தான் குழு ஏத்துக்கும். மத்தவங்க எல்லாம் போயிட்டாங்க."

"நீயே சொல்லேன்."

"நான் அப்ப இல்லையே."

"இருந்தேன்னு சொல்லு. யாரு எண்ணப் போறா?"

"அக்கா," என்றாள், "ஒரு பொய்யைத் திருத்த இன்னொரு பொய்யா? உங்க வீட்டுக்காரரே தேவலை."

8

முடிவுகள்.

(அ) நான் "ஆல்கஹால்" என்கிறேன். எர்காஷ் நேர்மையானவராக, ஆனால் கை வராதவராக மிஞ்சுகிறார். முனிசா போய்விடுகிறாள்.

(ஆ) நான் "அசெட்டோன்" என்கிறேன். முனிசின் நிற்கிறது, அதன் அடியில் சிறிய எழுத்தில் அவள் அப்பா பொய் எழுதியவர் என்றும் நிற்கிறது. டிராக்டர்காரனுக்கு அங்கே இடம் கிடையாது. கையேட்டில் காரணம் எழுத மாட்டார்கள்.

(இ) எர்காஷ் கனவில் வந்து

இல்லை. அவர் கனவில் வந்தாலும் வாதாடத்தான் வருவார்.

(ஈ) இதையெல்லாம் நான் மேலே எழுதிவிட்டேன், ஆகவே சொன்னதாகிவிட்டது என்பீர்கள். ஆகாது. இதன் மேலே கதை என்று எழுதிவிட்டால் குழு ஏற்றுக்கொள்ளாது. ஹகீமாவிடம் கேட்டுவிட்டேன். "கதையெல்லாம் ஆதாரமாகாது அக்கா" என்கிறாள், வெங்காயத்தைப் பார்த்துக்கொண்டே.

9

கூப்பிடுகிறாள். பலா தயாராம். தட்டை வைத்துவிட்டு, எண்ணெய்க் கையைத் துடைத்துக்கொண்டு எதிரே உட்கார்ந்திருக்கிறாள்.

"ஆறிப்போகுது அக்கா. என்னதான் எழுதினீங்க இவ்வளவு நேரம்? ஒரு வார்த்தை சொல்லுங்க, போட்டுடறேன்."

நான் சொன்னேன்:

இல்லை, சொல்லவில்லை. ஒன்றைச் சொன்னால் முனிசா போகிறாள், மற்றதைச் சொன்னால் அவள் அப்பா போகிறார். இரண்டு பேரையும் ஏற்கெனவே ஒரு தடவை வழியனுப்பியவள் நான். மறுபடி ஒருவரை அனுப்ப என்னால் ஆகாது. உங்களுக்கு அவர்கள் யாரும் இல்லை. நீங்கள் சொல்லுங்கள், நான் ஹகீமாவிடம் சொல்லிவிடுகிறேன்.