கல்லுமல்லிக்கு அடியில்

எண்பத்து மூன்றாம் வருசத்துக்கு முன்பே எங்கள் புன்செய்க் காட்டில் மூன்று கிணறுகள் உண்டு. வெளியூரார் இதைக் கேட்டால் "அடேங்கப்பா!" என்பார்கள். எட்டிப் பார்த்த பிறகு சிரித்துவிட்டுப் போவார்கள். ஒன்றில் புறாக்கள் குடியிருக்கின்றன. இன்னொன்றில் உடைந்த பானைகள். மூன்றாவதில் எங்கள் கிடா ஒன்று விழுந்து, உடம்பில் ஒரு பொட்டு ஈரம்கூடப் படாமல், கால் மட்டும் முறிந்து மேலே வந்தது.

எல்லாம் ஒரு செடியைப் பார்த்து வெட்டியவை. கல்லுமல்லி என்போம். இடுப்பு உயரம் வளரும், பாறை இடுக்கில் முளைக்கும். மாரண்டஹள்ளிப் பக்கம் கோடையில் புல்கூடக் கருகிக் கிடக்கும்போது இது மட்டும் பச்சைப்பசேலென்று நின்று வெள்ளையாகப் பூக்கும். அடியில் ஊற்று இல்லாமல் இப்படிப் பூக்குமா என்பது எங்கள் ஊர் ஆண்களின் ஆராய்ச்சி முடிவு. பூத்த இடத்திலெல்லாம் செடியைப் பிடுங்கி எறிந்துவிட்டுத் தோண்டினார்கள். ஊரில் கல்லுமல்லி குறைந்தது, வறட்டுக் கிணறுகள் கூடின. அப்போதும் ஒருத்தருக்கும் சந்தேகம் வரவில்லை. வருவதற்குக் கொஞ்சம் மூளை வேண்டுமே!

எண்பத்து மூன்றாம் வருசக் கோடையில், எங்கள் காட்டை ஒட்டிய பாறைக் கரட்டோரம் மிச்சமிருந்த கடைசிச் செடி பூத்தது. என் வீட்டுக்காரர் பெரியண்ணன் அதன் முன்னால் சாமி கும்பிடுகிறவர் மாதிரி நின்றார். முந்தைய கிணறுகள் என் அட்டிகையையும் மேட்டுக்காட்டையும் விழுங்கியாயிற்று. இனி விற்பதற்கு எங்கள் செவலைப் பசு ஒன்றுதான் பாக்கி. அதன் காலடியில் பால் மறக்காத கிடேரிக் கன்று.

"ஏங்க, மாட்டை வித்துப்புட்டு புள்ளைங்களுக்கு எதைக் குடுப்பீங்க? பூவையா?"

"தண்ணி வந்துட்டா பத்து மாடு வாங்கலாம் நஞ்சம்மா, சும்மா இரு."

நீரோட்டம் பார்க்கிற பச்சியப்பன் உள்ளங்கையில் தேங்காயைப் படுக்க வைத்துக்கொண்டு நடந்தார். செடியருகே வந்ததும் தேங்காய் எழுந்து நின்றது. முந்தைய மூன்று கிணறுகளுக்கும் இப்படித்தான் எழுந்து நின்றது. மரியாதை தெரிந்த தேங்காய்!

அந்த வாரமே நசீருதீன் சார் வந்தார். தர்மபுரி இரும்புக்கடைக்காரர் மகன். கல்லூரியில் செடிகொடிகளைப் பற்றிப் பாடம் நடத்துகிறவர். கல்லுமல்லியைக் கண்டதும் செருப்பைக் கழற்றிவிட்டு மண்டியிட்டார்.

"இதுக்காக மலை மலையா அலைஞ்சேங்க. வேற எங்கயும் ஒண்ணுகூட மிச்சமில்லை" என்றார். கண் கலங்கிவிட்டது. அந்தச் செடி எங்கள் ஊரில் வரவழைத்த தண்ணீர் அது ஒன்றுதான்.

நான் விடுவேனா? "சார், இங்க தோண்டக் கூடாதுன்னு இவர்கிட்ட நீங்களே சொல்லுங்க" என்றேன்.

"பெரியண்ணன், இது ராத்திரிப் பனியைக் குடிச்சே பொழைக்கிற செடிங்க. வேர்ல ஈரம் நின்னா அழுகிப்போயிடும். அடியில தண்ணி இருந்தா இது இங்க முளைக்கவே முளைக்காது."

என் வீட்டுக்காரர் பவ்வியமாகத் தலையாட்டினார். செவலை தப்பித்தது என்று நான் மூச்சு விட்டேன். சாரின் ஸ்கூட்டர் மறைகிற வரைக்கும்தான் அந்த நிம்மதி.

"இரும்புக்கடையை வுட்டுட்டு ஒரு செடியைப் பார்க்க எவனாச்சும் இம்மாந்தூரம் வருவானா மாப்ளே?" என்றார் பச்சியப்பன். "ஊத்து இருக்கறது அவருக்குத் தெரிஞ்சுபோச்சு. காட்டைச் சல்லிசா வாங்கத்தான் நம்ம காதுல பூ சுத்துறாரு."

"அதானே! தண்ணி இல்லேன்னு அழுத்தி அழுத்திச் சொன்னப்பவே நெனச்சேன்" என்றார் என் புத்திசாலி.

மறுநாள் செவலை சந்தைக்குப் போனது. கன்று கத்தியது, நானும் கத்தினேன். இரண்டில் எதுவும் அவர் காதில் ஏறவில்லை. செடியைப் பிடுங்கிப் போட்டு, வெடிமருந்து வைத்துத் தகர்த்தார்கள். பாறை வந்தது. அதற்கும் கீழே பாறை வந்தது. தேங்காயைப் பச்சியப்பன் வீட்டில் சட்னி அரைத்திருப்பார்கள்.

நசீருதீன் சார் மறுபடி வந்து அந்தப் பள்ளத்தைப் பார்த்தார். காய்ந்து கிடந்த செடியைக் கைக்குட்டையில் சுற்றி எடுத்துக்கொண்டு திரும்பிப் போனார். மனுசன் எங்களைத் திட்டியாவது இருக்கலாம்.

அடுத்த கோடையில் விறகுக்கு முள் பொறுக்கப் போனேன். கிணற்றிலிருந்து வாரிக் கொட்டிய கற்குவியலில், இரண்டு கல்லுக்கு நடுவே, ஒரு முழ உயரத்துக்குப் பச்சை. உச்சியில் ஒரே ஒரு வெள்ளைப் பூ. எனக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. "உன்னாலதாண்டி என் மாடு போச்சு" என்று தண்டைப் பிடித்தேன். வேரோடு வரவில்லை. அவ்வளவு இறுக்கமாகக் கல்லைப் பிடித்திருந்தது.

பாவம், தண்ணீர் தருகிறேன் என்று இது எப்போது சொன்னது?

"நஞ்சம்மா!" கரட்டு மேலிருந்து அவர் குரல். கண்ணுக்கு மேல் கையை வைத்துக்கொண்டு காட்டையே துழாவிக்கொண்டிருந்தார். அவருக்குப் பின்னால், வளர்ந்துவிட்ட கிடேரி காய்ந்த சோளத்தட்டையை மென்றுகொண்டிருந்தது. "அந்தப் பக்கம் எங்கயாச்சும் பச்சையாத் தெரியுதா?"

நான் பொறுக்கி வைத்திருந்த முள்ளையெல்லாம் இழுத்து அந்தப் பூவின் மேல் போட்டு மூடினேன்.

"ஒண்ணுமில்லீங்க. வெறுங்கல்லு."