நகர்ந்தால்தான் பதில்

"தண்ணி வேணுமா, வேணாமா?"

இவர் பலமாகத் தலையாட்டினார். செம்பை நீட்டினேன். வாயை இறுக்கி மூடிக்கொண்டு முகத்தைத் திருப்பினார். சரி வேண்டாம் போலிருக்கிறது என்று நாலடி நகர்ந்தால், பின்னாலிருந்து "வந்துரும், வந்துரும்" என்று ஒரே கத்தல். எது வரும்? எங்கிருந்து வரும்? வந்த ஆத்திரத்தில் செம்புத் தண்ணீரை அப்படியே வாசலில் வீசிக் கொட்டினேன். ஜெயங்கொண்டத்தில் அந்தக் கோடையில் ஒரு குடம் தண்ணீருக்கு நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

என் வீட்டுக்காரர் சிங்காரவேலு, விருத்தாசலம் போகிற தனியார் பஸ்ஸில் கண்டக்டராக இருந்தவர். பொங்கல் கழிந்து பக்கவாதம் வந்து வலது கையும் காலும் விழுந்தன. கூடவே பேச்சும் போயிற்று. மிஞ்சியது அந்த ஒரே ஒரு 'வந்துரும்'. எங்க ஊர் எப்ப வரும் என்று நச்சரிக்கிற கிழவிகளுக்கெல்லாம் பஸ்ஸில் சொல்லிச் சொல்லி ஊறிப்போன சொல். பசித்தாலும் அதுதான், கொசு கடித்தாலும் அதுதான். தஞ்சாவூர் டாக்டர் பொறுமையாகத்தான் சொன்னார். "நாக்குல கோளாறு இல்லம்மா. மூளையில வார்த்தைய எடுத்துக் குடுக்குற எடம் அடிபட்டிருக்கு. நீங்க சொல்றது ஓரளவு புரியும். ஆனா ஆமா, இல்ல ரெண்டும் மாறி மாறி வரும். திட்டாதீங்க."

திட்டாதீங்க என்று சொல்லிவிட்டுப் போய்விடலாம். கூட இருந்து பார்க்கட்டும்.

நான் பால்வாடி டீச்சர். எனக்குத் தெரிந்த வைத்தியத்தைச் செய்தேன். பிள்ளைகளுக்குக் காட்டுகிற படத்தட்டி ஒன்று கிழிந்து கிடந்தது. அதில் பாதிப் படங்களின் மேல் செம்பு, சோற்றுத் தட்டு, பாய் என்று வரைந்து ஒட்டினேன். "வேணுங்கறதத் தொட்டுக் காட்டுங்க" என்றேன். யானையைத் தொட்டார். நக்கல் பண்ணுகிறார் என்று நினைத்தேன். "யானையா வேணும் ஒங்களுக்கு? கட்ட எடமிருக்கா?" என்றேன். தலையாட்டினார். பிறகு விரல் யானைக்கும் பாய்க்கும் நடுவில் தடுமாறி நின்றது. கண்ணில் நீர் முட்டியது. இடது கையால் தட்டியைப் பிடுங்கி எறிந்தார். ஊரையே ஏற்றி இறக்கிய மனுஷனை 'ஆ' ஆடு படிக்க வைத்தால் எறியாமல் என்ன செய்வார்? அன்று அது எனக்கு உறைக்கவில்லை. எறிந்ததற்கும் திட்டினேன்.

அடுத்தது விசில். பஸ் கம்பெனியிலிருந்து இவர் பையைக் கொடுத்தனுப்பியபோது உள்ளே இருந்தது. கண்டக்டர் பாஷை சுலபம்: நீளமாக ஒன்று ஊதினால் நில், ரெண்டு ஊதினால் போ. இல்லை என்றால் ஒன்று, ஆமாம் என்றால் ரெண்டு என்று நான் சொல்லிக்கொடுத்தேன். இடது கை விரலால் கோணிய உதட்டை அழுத்திக்கொண்டு அருமையாக ஊதினார். ஆனால் சோறு வேணுமா என்றால் ஒன்று, தட்டை எடுத்தால் மூன்று. அடச்சே, தலையெழுத்தே என்று உட்கார்ந்துவிட்டேன். விசில் கழுத்தில் கிடந்தது, அவ்வளவுதான்.

ஊசி போட ஆஸ்பத்திரிக்குக் கொளஞ்சியின் மாட்டு வண்டியில்தான் போவோம். ஒருநாள் முந்திரித் தோப்பைத் தாண்டும்போது திடீரென்று நீளமாக ஒரு விசில். கொளஞ்சி கயிற்றை இழுத்து நிறுத்தினான். "டீச்சர், கண்டக்டரு நிறுத்தச் சொல்றாரு" என்று சிரித்தான். இவர் இடது கையால் வேட்டியைப் பிடித்திருந்தார். இறக்கி மரத்தடிக்குக் கூட்டிப்போனோம். ஒன்றுக்குப் போனார். மூன்று மாதமாகப் படுக்கையை நனைத்துக்கொண்டிருந்த மனுஷன்! திரும்ப ஏற்றி உட்கார வைத்ததும், சின்னதாக ரெண்டு விசில். மாட்டை விடு என்று அர்த்தம். நான் வண்டியிலேயே வாய்விட்டு அழுதேன்.

கேட்டால் வராது. நகர்ந்தால் வருகிறது. பதில் சொல்வது வேறு, ஓடுகிற வண்டியை நிறுத்துவது வேறு போலிருக்கிறது. இந்த மண்டைக்குள் எது எங்கே இருக்கிறது என்று யாருக்குத் தெரியும்? ஆசாரி அய்யாக்கண்ணுவிடம் போய், நாற்காலிக்கு நாலு சக்கரம் போட்டுத்தரச் சொன்னேன். "தேரு விடப்போறீங்களா டீச்சர்?" என்றார். லாரிப் பட்டறையில் பழைய பேரிங் வாங்கி மாட்டிக்கொடுத்தார். அதன்பின் நான் கேள்வி கேட்பதை விட்டேன். நாற்காலியை மெதுவாகத் தள்ளுவேன். பானைப் பக்கம், அடுப்புப் பக்கம், கொல்லைப் பக்கம், பாய்ப் பக்கம். எங்கே விசில் வருகிறதோ அங்கே நிறுத்துவேன். பத்துக்கு எட்டு சரியாக இருந்தது. ஆனாலும் எரிச்சல் தீரவில்லை. வலிக்கிறதா என்பதை எந்த மூலையில் கொண்டுபோய் நிறுத்துவது? என்மேல் கோபமா என்பதை?

இப்படி இருக்கும்போதுதான் பெரம்பலூரிலிருந்து இவர் அண்ணன் குழந்தைவேல் வாடகைக் கார் எடுத்துக்கொண்டு வந்து இறங்கினார்.

"ஏம்மா ராசாத்தி, புள்ள குட்டியும் இல்ல. நீ வேலைக்குப் போயிட்டா இவன் ஒத்தையில கெடக்கான். அங்க வூடு நெறைய ஆளு இருக்கு. நான் கூட்டிட்டுப் போறேன்." பிறகு இவர் பக்கம் குனிந்தார். "தம்பி, அண்ணன் வூட்டுக்கு வர்றியாடா?"

தலையாட்டினார்.

"பாத்தியா, அவனே வரேங்குறான்."

எனக்குக் கோபம் தலைக்கு ஏறிவிட்டது. "மாமா, அவரு எதுக்கும் ஆட்டுவாரு. கெணத்துல தள்ளிவிடட்டான்னு கேட்டுப் பாருங்க, அதுக்கும் ஆட்டுவாரு."

"நல்ல வார்த்தையே வராதா ஒனக்கு?"

கிணற்றுக் கேள்வியை நானே கேட்டேன். இவர் ஆட்டினார். அண்ணன் முகம் சுருங்கியது. ஆனால் நம்பவில்லை. பொண்டாட்டி பிடிவாதம் என்று நினைத்தார். பால்வாடிக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. உள்ளே உலை கொதித்துக்கொண்டிருந்தது. இவர் போய்விட்டால் நான் சும்மா இருக்கலாம்தான், தூங்கலாம்தான். ஆனால் என்னைக் கேட்காமல், இவரையும் கேட்காமல், சாமான் மாதிரித் தூக்கிப்போவதா?

"சரி, கார்ல ஏத்துங்க. வண்டி நகரட்டும். ஒத்த விசில் அடிச்சா எறக்கிவிட்டுரணும். ரெண்டு அடிச்சா நான் வாயத் தொறக்க மாட்டேன்."

"இதென்ன வெளையாட்டு?"

"வெளையாட்டில்ல மாமா. அவருக்கு இப்ப இருக்குற வாய் அது ஒண்ணுதான்."

பின்சீட்டில் உட்கார வைத்தோம். அண்ணன் முன்னால் ஏறினார். டிரைவர் கியரைப் போட்டான். கார் அசைந்தது.

நீளமாக, ஒரே ஒரு விசில்.

டிரைவர் பிரேக்கில் காலை வைத்தான். "எறக்குங்க!" என்று ஓடினேன். ஜெயித்துவிட்டேன் என்றே நினைத்தேன். கதவைத் திறந்து கையைப் பிடித்து இழுத்தேன். வரவில்லை. முன்சீட்டை இடது கையால் இறுகப் பிடித்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தார். "எறங்குங்களேன்!" ம்ஹூம். அண்ணன், "வரேங்குறான்மா, வுடு" என்றார். கதவைச் சாத்தினேன். கார் நகர்ந்தது. மறுபடி ஒற்றை விசில்.

"போறதா நிக்கிறதா, ஒண்ணு சொல்லுங்க சார்" என்றான் டிரைவர்.

"என்னய்யா வேணும் ஒங்களுக்கு?" நடுத்தெருவில் கத்தினேன். "எறங்கவும் மாட்டேங்குறீங்க, போகவும் வுட மாட்டேங்குறீங்க! எத்தன நாளைக்கு என்னைய இப்படி வதைப்பீங்க?"

இவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். கையை முன்சீட்டிலிருந்து எடுத்துத் தன் பக்கத்து இடத்தில் பட்டென்று தட்டினார். "வந்துரும்" என்றார். இன்னொரு தரம் தட்டினார். போகலாமா இருக்கலாமா என்றுதான் நானும் அண்ணனும் மல்லுக்கு நின்றோம். இப்படி ஒன்று இருப்பது எங்கள் ரெண்டு பேருக்குமே தோன்றவில்லை.

எதைச் சொல்கிறார் என்று பார்க்கத்தான் ஏறினேன். சத்தியமாக அதற்குத்தான். நான் உட்கார்ந்ததும் என்னைத் தாண்டிக் கையை நீட்டிக் கதவை இழுத்து அறைந்தார். உதட்டின் ஓரத்தை விரலால் அழுத்தினார். சுருக்கமாக, தெளிவாக, ரெண்டு விசில்.

அண்ணன் முன்பக்கம் திரும்பிக்கொண்டார். டிரைவர் யாரையும் கேட்கவில்லை. கார் அரியலூர் ரோட்டில் திரும்பி வேகமெடுத்தது. என் காலில் செருப்பில்லை. வீட்டுக் கதவு திறந்து கிடந்தது, அடுப்பில் உலை. பால்வாடி வாசலில் பிள்ளைகள் வந்து நிற்கும். நிறுத்தச் சொல்ல வாயெடுத்தேன்.

விசில் இவர் வாயில் இருந்தது.