ஆள் ஆஜர்

செத்துப்போன பிறகுதான் வெல்டர் நீதிமன்றத்துக்கு வந்தான். பின்மண்டை பிளந்திருந்தது, சட்டையிலிருந்து குவாரித் தண்ணீர் சொட்டியது. ஈரக் காலோடு உள்ளே வரக்கூடாது என்று மட்டும் டவாலி சொன்னார்.

மனு போட்டவள் அவன் மனைவி, தையல்காரி. இன்ஸ்பெக்டர் வீட்டுக்கு அவன் செய்துகொடுத்த கேட் சரியாகப் பூட்டவில்லை என்று பட்டறையிலிருந்து அவனை இழுத்துப் போனார்கள். இன்ஸ்பெக்டர் கை ஓயும்வரை இரும்புக் குழாயால் அடித்தார். மூச்சு நின்றதும் குவாரியில் தள்ளிவிட்டு, அப்படி ஒருத்தன் ஸ்டேஷனுக்கே வரவில்லை என்று சாதித்தார்கள். ஆளை நேரில் கொண்டுவரச் சொல்லித்தான் அவள் மனு.

"ஆளைக் காட்டுங்கன்னுதானே கேட்டாங்க? இதோ நிக்கிறாரே," என்றார் அரசு வக்கீல்.

"ஐயா, அடிச்சே கொன்னுட்டாங்க! மண்டையைப் பாருங்க!" என்று கத்தினாள் அவள்.

நீதிபதி பார்த்தார். "இப்போ யாராவது உங்களைப் பிடிச்சு வெச்சிருக்காங்களா?"

"இல்லைங்க," என்றான். வாயோரம் சேறு வழிந்தது.

கோரிக்கை நிறைவேறிவிட்டதால் மனு முடித்துவைக்கப்பட்டது. கொலைப் புகாரையும் யாரும் வாங்கவில்லை. செத்தவனே அவளோடு வந்து நின்றால் யாரைக் கொன்றதாக எழுதுவது?

வீட்டுக்கு அழைத்துப் போனாள். அங்கேயும் அடி விடவில்லை. பொழுது சாய்ந்தால், பிடித்த கை எதுவும் தெரியாமல், குழாய் அவன் முதுகில் இறங்கும். விலா முறிகிற சத்தம் தெருமுனைவரை கேட்கும். காலையில் எலும்பு கூடிவிடும். சாயங்காலம் மறுபடி முறியும். அவள் குறுக்கே விழுந்து மறைத்தாள். அடி அவளை ஊடுருவிப் போய் அவன்மேல்தான் விழுந்தது.

"நகரு, உனக்குப் பட்டுடப் போவுது," என்பான் பல்லைக் கடித்துக்கொண்டு.

அழுது அழுது கண்ணீர் வற்றி, அவளுக்கு வெறி ஏறியது. அடியை நிறுத்தச் சொல்லி இன்னொரு மனு போட்டாள். வாய்தா மேல் வாய்தாவாக வருஷங்கள் ஓடின.

கடைசியில் இன்ஸ்பெக்டர் கூண்டில் ஏறி, "இந்தாளை நான் தொட்டதே இல்லை," என்று சொல்லி வாய் மூடவில்லை, அவர் தாடையில் ஓர் அடி விழுந்தது. பற்கள் தெறித்துக் குமாஸ்தாவின் மேஜையில் உருண்டன. அடுத்த அடியில் முழங்கால் நொறுங்கியது. அவர் அலறினார், குழாய் நிற்கவில்லை. அலறலுக்கு மேலே குரலை உயர்த்தி நீதிபதி வெல்டரைக் கேட்டார்: "இப்போ உங்க மேல அடி விழுதா?"

"இல்லைங்க."

அந்த மனுவும் முடித்துவைக்கப்பட்டது.

மழைக்காலம் போனதும் இன்ஸ்பெக்டரின் மனைவி ஒரு மூட்டையோடு தையல்கடை வாசலில் வந்து நின்றாள்.

"சட்டை எல்லாம் முதுகுல கிழிஞ்சு போகுதுக்கா. வேற யாரும் தொட மாட்டேங்கிறாங்க."

தையல்காரி கையில் கத்தரிக்கோலோடு அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். உள்ளேயிருந்து எட்டிப் பார்த்த வெல்டர் திரும்பிக்கொண்டான்.

"ரத்தத்தை அலசிக் கொண்டாம்மா. காய்ஞ்ச ரத்தத்துல ஊசி இறங்காது," என்றாள் கடைசியில்.

முதுகுப்பக்கம் இரட்டைத் துணி வைத்துத் தைத்துக் கொடுத்தாள். அதன் பிறகு வாராவாரம் அந்த மூட்டை வந்தது, மற்ற வீட்டுத் துணிகளோடு துணியாக.