தீவுச் சட்டமும் ஒட்டிப்போன மூடியும்

மின்மினித் தீவுகள் மொத்தம் ஏழு. எந்தக் கடலில் இருக்கின்றன என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். எழுதின வேல்விழிக்கே தெரியாது. விருத்தாசலத்தில் பீங்கான் பட்டறை வேலை அவளுக்கு. கடலூர் சில்வர் பீச்சில் இரண்டு தடவை கால் நனைத்திருக்கிறாள், அவ்வளவுதான். அந்தத் தைரியத்தில் ஏழு தீவையும் செல்போனிலேயே கட்டி எழுப்பிவிட்டாள். 'தீவுக்காரி' என்ற பேரில் வாரம் ஓர் அத்தியாயம்.

அங்கே எல்லாமே வெளிச்சந்தான். வணக்கம் சொல்லமாட்டார்கள், விளக்கை ஒரு சாண் உயர்த்துவார்கள். பக்கத்து வீட்டில் நெருப்பு வாங்கி விளக்கேற்றினால் அன்றிலிருந்து சொந்தம். சண்டை வந்தால் திரியைத் தணித்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள்.

கல்யாணச் சட்டம்தான் ரொம்பக் கண்டிப்பு. ஒருத்தியைப் பிடித்துப்போனால் ஆண்பிள்ளை வாயே திறக்கக் கூடாது. தன் கையால் மூடி போட்ட விளக்கொன்று செய்து, அவள் இருக்கிற இடத்தில் வைத்துவிட்டு ஒதுங்கிவிட வேண்டும். செய்து முடித்த பிறகு மூடியை அவன் தொடவும் கூடாது. பொழுது சாய்வதற்குள் அவள் மூடியைத் திறந்து திரி போட்டால் சம்மதம். இல்லையென்றால் அவன் படகேறி வேறு தீவுக்குப் போய்விட வேண்டும். இரண்டாந்தடவை கேட்கிற பேச்சே கிடையாது.

பட்டறையில் டீ நேரத்தில், கூட வேலை செய்கிற தங்கம்மாள் அக்கா இதைச் சத்தமாகப் படிப்பாள். தீவுக்காரி எதிரிலேயே உட்கார்ந்து பன் தின்றுகொண்டிருப்பது பாவம் அவளுக்குத் தெரியாது.

"இவளுக்கு என்னா கொழுப்பு பாரேன்! எந்நேரமும் வௌக்கு எரிஞ்சா எண்ணெய்க்கு எங்க போவாங்களாம்? எழுதறவளுக்கு வூட்டுல வேலவெட்டி ஒண்ணும் இருக்காது போலருக்குது."

வேல்விழி டீயை ஊதி ஊதிக் குடிப்பாள். விஷயம் வெளியே வந்தால் மானம் போகும். தீவுகளின் கஞ்ச ராஜா வேறு, முதலாளி சாமிதுரையைப் போலவே மூக்குப்பொடி போட்டு மும்மூன்றாகத் தும்முகிறவன். வேலையும் போகும்.

ஆனால் ஒருவன் கண்டுபிடித்துவிட்டான். அது அவளுக்கு ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் தெரிந்தது. அவள் முக்காலியின் மேல் தினத்தாளில் சுற்றின ஒரு பொருள். பிரித்தால், பச்சை நிறத்தில், தேங்காய் அளவில், மூடி போட்ட விளக்கு. சூளைச் சூடு இன்னும் ஆறவில்லை. தூரத்தில் அச்சுப் பிரிவு பாரி முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான். களிமண் கரைசலை அச்சுக்குள் ஊற்றுவதாக நினைத்துக்கொண்டு தன் காலிலேயே ஊற்றிக்கொண்டிருந்தான்.

"அடப்பாவி மனுசா!" என்றாள் வேல்விழி, வாய்க்குள்ளேயே. மூன்று வருஷமாக அவள் கதையில் வந்த படகோட்டிகள் அத்தனை பேரும் பாரி மாதிரிதான் நடந்தார்கள், அதில்தான் பிடிபட்டிருக்கிறாள். நேற்றுத்தான் தங்கம்மாள் ஒரு சேதி சொல்லியிருந்தாள்: நல்லூரில் பாரிக்குப் பெண் பார்த்தாகிவிட்டதாம், இன்றைக்குச் சாயந்திரம் பூ வைக்கப் போகிறார்களாம். பையன் சரி என்று ஒரு வார்த்தை சொல்ல வேண்டியதுதான் பாக்கியாம்.

மூடியைத் தூக்கினாள். வரவில்லை. திருகினாள். ம்ஹூம்.

அவளுக்குப் புரிந்துவிட்டது. பளபளப்புக்குப் பூசுகிற கிளேஸ் சூளையில் உருகி, எதைத் தொடுகிறதோ அதோடு ஒட்டிக்கொள்ளும். அதனால் சூளைக்குப் போகுமுன் சாமானின் அடியிலும் வாயிலும் ஈரப் பஞ்சால் துடைத்துவிட வேண்டும். பட்டறையில் அந்த வேலையைச் செய்வதே வேல்விழிதான். ஒரு நாளைக்கு எண்ணூறு சாமான் துடைக்கிற கை. அந்தக் கைக்கு வராமல் திருட்டுத்தனமாய்ச் சூளைக்குப் போனது இது ஒன்றுதான்! அச்சு மட்டுமே தெரிந்த மனுஷன் வாயென்றும் மூடியென்றும் பாராமல் அள்ளிப் பூசியிருக்கிறான். மூடியைத் தொடக் கூடாதென்று தொட்டும் பார்க்கவில்லை. பித்தம் தலைக்கேறினால் வேறென்ன நடக்கும்?

வெந்நீரில் போட்டாள். கரண்டிக் காம்பால் நெம்பினாள். காம்பு வளைந்தது. மத்தியானச் சோற்றை மறந்துவிட்டுப் புடவைத் தலைப்பால் பிடித்துத் திருகினாள். நேரில் போய்ச் சொல்லித் தொலைக்கலாமே என்பீர்கள். இரண்டு தடவை எழுந்து போனாள். தங்கம்மாளின் காது கூடவே வந்ததால் திரும்பிவிட்டாள். பாரியோ மணிக்கொரு தரம் ஓரக்கண்ணால் மூடியைப் பார்ப்பதும், முகம் கறுத்துத் திரும்புவதுமாக இருந்தான். அவளுக்கு அழுகையே வந்துவிட்டது.

ஐந்து மணிக்கு அவன் டிபன் பையை மாட்டிக்கொண்டு கேட்டைப் பார்த்து நடந்தான். வேல்விழி விளக்கை இடுக்கிக்கொண்டு ஓடினாள்.

"நில்லுங்க!"

"பரவால்லீங்க," என்றான் பாரி, தரையைப் பார்த்தபடி. "மூடி மூடினபடியேதான் இருந்துச்சு. சட்டம் சட்டந்தான்."

"தெறந்தாத்தானே தெறக்கறதுக்கு! வாயில கிளேஸைத் துடைச்சீங்களா?"

அவன் விழித்தான். "துடைக்கணுமா?"

"பதினோரு வருஷமா இங்க என்னாத்த கிழிச்சீங்க? எங்கிட்ட குடுத்திருந்தா துடைச்சிருப்பேன்ல?"

"உங்ககிட்ட குடுத்தா உங்களுக்குத் தெரிஞ்சிடுமேங்க."

அதற்குள் தங்கம்மாள், அவள் பின்னால் பட்டறையே வந்து நின்றது. வேல்விழி யாரையும் பார்க்கவில்லை. விளக்கைச் சிமெண்டுப் படியில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினாள்.

"ஐயையோ, செவ்வாக்கெழம அதுவுமா வௌக்க ஒடைக்கிறாளே!" என்று அலறினாள் தங்கம்மாள்.

வயிறு உடைந்து தெறித்தது. மூடி மட்டும் கழுத்தோடு கெட்டியாக அப்படியே இருந்தது. அதைத் தலைகீழாகத் திருப்பினாள். மூடி அடியாகிவிட்டது, ஒரு கிண்ணம். சூளை வாசல் பிள்ளையாரின் எண்ணெயை எடுத்து ஊற்றினாள். ஒரு சொட்டு ஒழுகவில்லை. திரி போட்டுக் கொளுத்தி அவன் கையில் வைத்தாள்.

"இது செல்லாதுடி," என்றாள் தங்கம்மாள். சட்டம் அவளுக்குத்தான் மனப்பாடமாயிற்றே. "மூடியத் தெறந்தாதான் சம்மதம்னு தீவுக்காரி தெளிவா எழுதியிருக்கா."

"அந்தத் தீவுக்காரி நாந்தாங்கா. ஒடைச்சாலும் சம்மதந்தான்." வேல்விழி பாரியின் பக்கம் திரும்பினாள். "நீங்க மொதல்ல போனை எடுத்து, நல்லூருக்குப் போவாண்டாம்னு உங்கம்மாகிட்ட சொல்லுங்க."